மதினி கை தூக்கினால்

கல்யாணமாகி அந்தக் குவார்ட்டர்ஸுக்குப் போன மறுநாள், உச்சிப்பொழுதில், ஒரு பெண் தண்டவாளத்தின் மேல் ஒரு காலை வைத்துக்கொண்டு வலது கையை மெல்ல உயர்த்துவதைப் பார்த்தேன். செருப்பில்லாத கால். அந்த வெயிலில் இரும்பு எப்படிக் காய்ந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. அவள் முகத்தில் சுளிப்பே இல்லை. கை தோளுக்கு மேலே போனதும், பாதையில் குனிந்து ஜல்லி தள்ளிக்கொண்டிருந்த ஆண்கள் அத்தனை பேரும் கடப்பாரைகளை எடுத்துக்கொண்டு சரிவில் இறங்கி ஒதுங்கி நின்றார்கள். ஒரு சத்தமும் இல்லை. கையில் சோற்றுப் பானையோடு வாசற்படியில் நின்ற எனக்கு, எதற்காக எல்லாரும் இப்படி நிற்கிறார்கள் என்று புரியவில்லை. செத்த நேரம் கழித்துத்தான், ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கத்து வளைவுக்கு அப்பால் வண்டி ஊதியது.

கை தூக்கியவள் என் வீட்டுக்காரரின் அக்கா. எனக்கு மதினி. பிறந்ததிலிருந்தே காது கேட்காது, பேச்சும் கிடையாது. ஆறு வீடுகளும் ஒரு கிணறும் கொண்ட அந்தக் குடியிருப்பில் எல்லாருக்கும் அவளுடைய சைகை தெரியும். மீசை முறுக்கினால் அப்பா. காதோரம் விரலைச் சுழற்றினால் என் வீட்டுக்காரர், சின்னப் பிள்ளையாக இருந்தபோது அவருக்குச் சுருட்டை முடி. எனக்கென்று அவள் வைத்த அடையாளம் மூக்கில் ஒரு விரல். மூக்குத்தி போட்டுக்கொண்டு அந்த வீட்டுக்குள் வந்த முதல் ஆள் நான்தான்.

நான் வ. புதுப்பட்டிக்காரி. எங்களுக்கு வயலும் வாய்க்காலும்தான் உலகம். ரயில் என்றால் எப்போதாவது ஏறி எங்காவது போகிற ஒன்று. அது யாரோ சிலருக்கு வீட்டு வாசலாகவும் சோறாகவும் இருக்கும் என்று நான் நினைத்ததே இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் ராஜபாளையத்துக்கும் நடுவில், கண்மாய்க்கரையை ஒட்டி அந்தப் பாதை வளைகிற இடத்தில் இருந்தது குடியிருப்பு. பாதையைப் பழுது பார்க்கிற கேங்மேன்களுக்காக, வெள்ளைக்காரன் காலத்தில் கட்டிய வீடுகள் என்பார்கள். பஸ் போகும் ரோட்டுக்கு நெடுந்தூரம் நடக்க வேண்டும். கோடையில் கிணறு வற்றினால் வண்டியிலேயே தண்ணீர் வந்து இறங்கும். பிரசவத்துக்கு வலி எடுத்தால் சிவப்புக் கொடி காட்டி வண்டியை நிறுத்தி ஏற்றிவிட்ட கதைகள் உண்டு. ஒவ்வொரு வீடும் ஒவ்வொரு ஊர், ஒவ்வொரு சாமி. தெலுங்கு பேசுகிற வீடு ஒன்று, ஞாயிற்றுக்கிழமை ஜெபம் படிக்கிற வீடு ஒன்று. ஆனாலும் வண்டி வருகிற நேரத்தில் எல்லாருக்கும் ஒரே மூச்சுத்தான்.

மாமனார் அந்தக் கேங்குக்கு மேஸ்திரி. மதினி குழந்தையாக இருந்தபோது தண்டவாளத்தில் படுத்துக் கிடந்ததைப் பார்த்து அடித்திருக்கிறார். எத்தனை அடித்தாலும் திரும்பப் போய்ப் படுப்பாளாம். பிறகு ஒருநாள், வண்டி வருவதற்கு வெகுநேரம் முன்பே அவள் தானாக எழுந்து ஒதுங்குவதைக் கவனித்தார். எங்களுக்குக் காதில் வருவது அவளுக்கு உள்ளங்காலில் வந்தது. அதிலென்ன அதிசயம், இரும்பு அதிர்வது உடம்பில் தெரியாதா என்று நான் கேட்டிருக்கிறேன். அவரும் அதிசயம் என்று சொல்லவில்லை. சட்டப்படி கொடிக்காரரை வளைவில் நிறுத்திவிட்டுத்தான் வேலையைத் தொடங்குவார். ஆனால் ஆட்களின் கண் கொடியைப் பார்க்காது. மதினியின் கையைத்தான் பார்க்கும்.

"கொடிக்காரன் கொட்டாவி விடுவான், பீடி பத்த வப்பான். எம்மவ அப்படி இல்ல" என்பார் மாமனார்.

அகலப் பாதை போடப் போகிறார்கள் என்று செய்தி வந்தபோது குடியிருப்பே சந்தோஷப்பட்டது. பெரிய வண்டி வரும், வேகமாகப் போகும், பிள்ளைகளுக்கு வேலை கிடைக்கும். கடைசிச் சின்ன வண்டி போன அன்று இஞ்சினுக்கு மாலை போட்டோம். டிரைவர் வளைவு முழுக்க ஊதிக்கொண்டே போனார். மதினி வழக்கம்போலக் கை தூக்கினாள், வண்டி போனதும் இறக்கினாள், உள்ளே போய்ச் சோறு தின்றாள். இனி வராது என்று அவளுக்கு எப்படிச் சொல்வதென்று எங்களில் யாருக்கும் தெரியவில்லை. என் வீட்டுக்காரர் இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார். அவள் அவரை ஒரு மாதிரி பார்த்துவிட்டுத் தட்டைக் கழுவப் போய்விட்டாள்.

கொஞ்ச நாளில் தண்டவாளத்தைக் கழற்றி லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். சிலிப்பர் கட்டைகளும் போயின. ஆட்களை வேறு வேறு பகுதிகளுக்கு மாற்றினார்கள். ஒவ்வொரு வீடாகப் பூட்டு விழுந்தது. அதே கேங்கில் இருந்த என் வீட்டுக்காரருக்கும் வெளியூரில் வேலை. வாரத்துக்கு ஒருமுறை வந்து போவார். மாமனார் அதற்குள் ஓய்வு பெற்றுவிட்டார். மாமியார் எப்போதோ போய்ச் சேர்ந்தவர். பால்வாடியில் எனக்கு வேலை பக்கத்துக் கிராமத்தில் இருந்ததால் நாங்கள் மட்டும் அந்த வீட்டை விடாமல் இருந்தோம். பூட்டிய ஐந்து வீடுகளுக்கு நடுவில் ஒரு வீடு. முன்னால், இரும்பு இல்லாத வெறும் ஜல்லிமேடு.

ஒரு ஞாயிற்றுக்கிழமை உச்சிப்பொழுதில் நானும் மாமனாரும் அந்த மேட்டின் மேல் நடந்து வந்துகொண்டிருந்தோம். மதினி தூரத்தில் நின்றாள். ஜல்லியில் ஒரு கால், கீழே ஒரு கால். கை மெல்ல உயர்ந்தது.

மாமனார் சட்டென்று என் முழங்கையைப் பிடித்தார். "எறங்கு தாயி."

"மாமா, தண்டவாளமே இல்லையே" என்றேன்.

"அவ கை தூக்கியிருக்காள்ல. எறங்கு."

இருவரும் சரிவில் நின்றோம். அவர் துண்டைத் தோளிலிருந்து எடுத்துக் கையில் சுருட்டிக்கொண்டார். வண்டி போகும்போது காற்றில் பறந்துவிடாமல் இருக்க எல்லாக் கேங்மேன்களும் செய்வது அது. நான் அவர் முகத்தையே பார்த்தேன். வண்டியின் நீளம் எவ்வளவோ அவ்வளவு நேரம் அவர் தலை மெல்ல வலமிருந்து இடமாகத் திரும்பியது. மதினி கையை இறக்கினாள். "வா, போவோம்" என்றார் அவர், ஒன்றுமே நடக்காதது போல.

பழைய நேரத்துக்கு மட்டும் அவள் கை உயர்ந்திருந்தால் பழக்கம் என்று நானும் விட்டிருப்பேன். சில நாள் முன்னதாக உயர்ந்தது, சில நாள் வெகுநேரம் கழித்து. ஒரு மழைநாளில் சாயங்காலம் வரைக்கும் உயரவே இல்லை. மாமனார் வாசலுக்கும் உள்ளுக்குமாக நடந்துகொண்டிருந்தார். கடைசியில் அவள் கை தூக்கி இறக்கியதும் பெருமூச்சு விட்டு, "இன்னிக்கு எம்புட்டு லேட்டு பாரு" என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்து முடிப்பதற்குள் என் கண்ணும் அந்த மேட்டுக்குப் போனது.

புதுப்பாதைக்கு அந்த மேட்டின் வழியே மண் கொண்டுவந்த ஆட்கள் முதலில் அவளைக் கேலி செய்தார்கள். தாங்களும் கை தூக்கிக் காட்டி விளையாடினார்கள். மாமனார் அவர்களைத் திட்டவில்லை. அவள் கை தூக்கும்போதெல்லாம் தான் மட்டும் இறங்கி நின்றார். நாள் போகப்போக ஒருவர் பின் ஒருவராக அவர்களும் இறங்கத் தொடங்கினார்கள். டிராக்டர் ஓட்டி வந்த சோழபுரத்துக்காரர் வண்டியை அணைத்துவிட்டுக் காத்திருப்பார். "ஏன்ணே, நீங்களுமா?" என்று அவரிடம் கேட்டேன்.

"எனக்கு ஒண்ணும் தெரியல டீச்சர். ஆனா அந்நேரம் மேல நிக்கத் தோணல" என்றார். கொஞ்சம் தயங்கிவிட்டு, "உங்க வீட்டு நாய் எந்திரிச்சுப் போகுது பாருங்க" என்றார்.

பார்த்தேன். மேட்டின் நடுவில் டிராக்டர் நிழலில் படுத்திருந்த நாய் எழுந்து, சோம்பல் முறித்து, சரிவில் இறங்கிப் படுத்தது. நாய் எத்தனையோ காரணத்துக்கு இடம் மாறும். அப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

புதுப்பாதையை இழுத்தபோது வளைவைக் கொஞ்சம் நிமிர்த்தினார்கள். அதனால் எங்கள் வீடுகளுக்கு நேர் எதிரே பழைய மேடு அப்படியே தனியாகக் கிடந்தது. அதற்கு அடுத்தாற்போல் புதிய மேடு. காங்கிரீட் கட்டைகள், அவற்றின் மேல் ரப்பர் வைத்து இறுக்கிய, கண்ணுக்கெட்டிய தூரம் இணைப்பே இல்லாத தண்டவாளம். மாமனாருக்குப் பெருமை தாங்கவில்லை. மதினியை மேலே கூட்டிப் போய், கால் வைத்துப் பார் என்று காட்டினார். வைத்தாள். உடனே எடுத்துக்கொண்டு, ஏதோ ஒட்டிக்கொண்டது போலப் பாதத்தைச் சேலையில் துடைத்தாள். கையை விரித்து ஆட்டினாள். ஒன்றும் இல்லை என்று அர்த்தம்.

"இப்ப வண்டி ஓடலையில்லா, அதான். ஓடுனாப் பழகிரும்" என்றார் மாமனார்.

சோதனை இஞ்சின் வருகிறது என்று அறிவித்த அன்று காலையில் பக்கத்து ஊர்க்காரர்கள் எல்லாம் வந்து கூடினார்கள். வெளியூருக்கு மாற்றலாகிப் போன பழைய ஆட்கள் சிலரும் குடும்பத்தோடு வந்திருந்தார்கள். என் வீட்டுக்காரருக்கு அன்று வேலை அடுத்த ஸ்டேஷனில். கொடிக்காரர் எல்லாரையும் கீழே இறக்கி நிறுத்தியிருந்தார். மதினி மட்டும் சொல்லாமல் மேலே ஏறித் தண்டவாளத்தில் கால் வைத்து நின்றாள். அவளை அழைத்துவர நான் ஏறினேன். அதே நேரத்தில் மாமனாரும், கொஞ்சம் தள்ளி, தாம்பாளத்தில் மஞ்சளும் பூவும் எடுத்துக்கொண்டு பாதைக்குப் போனார். தண்டவாளத்துக்குப் பொட்டு வைத்துவிட்டு வந்துவிடுவதாகக் கொடிக்காரரிடம் சொன்னாராம். நேரம் இருக்கிறது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள்.

ஊதல் கேட்டது. கீழே நின்ற கூட்டம் கத்தியது. "வருது, மேஸ்திரி! எறங்குங்க!" என்று கொடிக்காரர் ஓடினார். மாமனாருக்குக் காது நன்றாகக் கேட்கும். அவர் நிமிர்ந்தார். ஆனால் இஞ்சின் வந்த பக்கம் திரும்பவில்லை. மகளைத் திரும்பிப் பார்த்தார். அவள் கால் தண்டவாளத்தில் இருந்தது. இரண்டு கைகளும் தொங்கிக்கொண்டிருந்தன. அவர் முகத்தை நான் பார்த்தேன். அவசரமே இல்லாத முகம். இன்னும் நேரம் இருக்கிறது என்று கூட்டத்துக்குச் சொல்வது போலக் கையை அமர்த்திக் காட்டினார். மதினியை நான் இடுப்போடு சேர்த்துப் பிடித்துச் சரிவில் இழுத்து உருண்டேன். இரண்டு பேருக்கும் முழங்கையெல்லாம் ரத்தம். எழுந்து பார்த்தபோது இஞ்சின் எங்களைத் தாண்டி, இரும்பு அலற நின்றுகொண்டிருந்தது. பூக்கள் ஜல்லியெல்லாம் சிதறிக் கிடந்தன.

மறுநாள் மத்தியானம் ஆஸ்பத்திரியிலிருந்து மாமனாரின் உடலைக் கொண்டுவந்தார்கள். சுடுகாடு கண்மாய்க்கு அந்தப் பக்கம். பழைய மேட்டையும் புதுப்பாதையையும் கடந்துதான் போக வேண்டும். பாடையைத் தூக்கியவர்கள் அவரிடம் வேலை பார்த்த கேங்மேன்கள். புதுப்பாதையில் இப்போதைக்கு எதுவும் வராது என்று கொடிக்காரர் உறுதி சொல்லியிருந்தார். பெண்கள் நாங்கள் வீட்டு வரிசை முடிகிற இடத்தில் நின்றுவிட்டோம். அழுது அழுது என் பக்கத்தில் சோர்ந்திருந்த மதினியைக் கொஞ்ச நேரமாகக் காணவில்லை. அவள் பழைய மேட்டின் மேல் நின்றுகொண்டிருந்தாள்.

பாடை மேட்டில் ஏறியதும் அவள் கை உயர்ந்தது.

நால்வரும் நின்றார்கள். கொள்ளிச்சட்டியோடு முன்னால் போன என் வீட்டுக்காரரும் நின்றார். சங்கு ஊதியவர் ஊதுவதை நிறுத்தினார். வந்திருந்த அதிகாரி ஒருவர், "என்ன ஆச்சு? ஏன் நிக்கிறீங்க?" என்று கேட்டார். தோளில் பாடையோடு, பழைய ஆட்கள் மெல்லப் பின்வாங்கிச் சரிவில் இறங்கினார்கள். அத்தனை வெயிலில், அத்தனை ஜனமும், புல் முளைத்த வெறும் மேட்டைப் பார்த்து நின்றோம். ஒருவர் சுருட்டிய துண்டைக் கையில் பிடித்திருந்தார். பாடையில் கட்டியிருந்த சாமந்திச் சரம் ஒன்று ஆடியது. காற்று இருந்ததா என்று இப்போது யோசித்தாலும் எனக்கு நினைவில்லை.

மதினி கையை இறக்கினாள்.

"போயிருச்சு. தூக்குங்கப்பா" என்றார் முன்னால் நின்றவர்.

அடுத்த வருஷத்துக்குள் குடியிருப்பை இடித்துவிட்டார்கள். நாங்கள் ராஜபாளையத்தில், ரயில் பாதைக்குப் பக்கத்திலேயே ஒரு சின்ன வீட்டுக்குக் குடிபோனோம். புது வண்டிகள் ஓடின. அவற்றுக்கு மதினி கை தூக்கியதே இல்லை. பக்கத்து நூல் மில் தடதடவென்று அதிரும், அதற்கும் இல்லை. ஆனால் உச்சிப்பொழுதில், கொல்லையில் மண் தரையில் நின்று, தினமும் ஒரு தடவை தூக்கினாள். என் வீட்டுக்காரர் இதைப் பற்றி ஒருநாளும் பேசியதில்லை. ஆனால் அவள் கை உயரும்போது, நீட்டி உட்கார்ந்திருந்தால் கால்களை மடக்கிக்கொள்வார். நான் ஒருமுறை அவளிடம், என்ன வருகிறது என்று சைகையில் கேட்டேன். என்னைப் பரிதாபமாகப் பார்த்தாள். இதுகூடவா தெரியவில்லை என்பது போல. பிறகு மீசையை முறுக்கிக் காட்டினாள். அதற்கு மேல் கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

என் வீட்டுக்காரரும் காலமான பிறகு, மதுரையில் வேலை பார்க்கும் என் மகன் எங்களை அங்கே அழைத்துக்கொண்டான். மூன்றாவது மாடியில் வீடு. வழவழவென்று டைல்ஸ். மதினி முதல் நாள் வீடு முழுக்க நடந்து பார்த்தாள். பிறகு குனிந்து உள்ளங்கையால் தரையைத் தொட்டுப் பார்த்தாள். உச்சிப்பொழுது வந்தது, போனது. கை உயரவில்லை. அடுத்த நாளும் இல்லை. மகனுக்கு நிம்மதி. "பாத்தீங்களாம்மா, எடம் மாறுனதும் சரியாயிட்டாங்க" என்றான். ஆனால் அவள் சாப்பாட்டை ஒதுக்கத் தொடங்கினாள். பகலெல்லாம் தரையில் காதை வைக்கிறவர்களைப் போலக் கன்னத்தை அழுத்திப் படுத்துக் கிடந்தாள். கேட்காத காது. டாக்டர் பார்த்துவிட்டு வயசாகிவிட்டது என்றார். கண்ணுக்கு முன்னால் உருகிக்கொண்டிருந்தவளைப் பார்த்துக்கொண்டு என்னால் இருக்க முடியவில்லை. "நாங்க ஊருக்கே போறோம்ப்பா" என்று மகனிடம் சொன்னேன். அவன் கோபித்துக்கொண்டான். பிறகு அவனே டிக்கெட் எடுத்து ஏற்றிவிட்டான்.

இது போன பங்குனியில். செங்கோட்டை வண்டியில் ஜன்னலோரம் அவளை உட்கார வைத்தேன். எதிரில் ஒரு கல்லூரிப் பெண், ஜன்னல் கம்பிக்கு வெளியே முழங்கையை வைத்துப் பாட்டுக் கேட்டுக்கொண்டிருந்தாள். ஸ்ரீவில்லிபுத்தூர் தாண்டியதும் மதினி செருப்பைக் கழற்றிவிட்டு, இரண்டு பாதங்களையும் பெட்டித் தரையில் ஊன்றினாள். கருவேலங்காட்டுக்கு நடுவில் எங்கள் வீடுகளின் அடித்தளமும், மூடிபோட்ட கிணறும் தெரிந்தன. பழைய மேடு எங்கள் வண்டிக்குப் பக்கத்தில், கூடவே வந்தது.

பாதையில் வேலை பார்த்துக்கொண்டிருந்த ஆட்கள் எங்கள் வண்டிக்காக ஒதுங்கி நின்றார்கள். ஆரஞ்சு உடுப்புப் போட்ட இளைஞர்கள். எங்களில் யாரையும் அறியாதவர்கள். நிற்பதற்கு வசதியாகப் பழைய மேடு பக்கத்திலேயே இருந்தது. அதன் மேல் ஒருவர்கூட நிற்கவில்லை. அதையும் தாண்டி, அந்தப் பக்கத்துச் சரிவில், முள்ளுக்குள் வரிசையாக நின்றார்கள்.

மதினியின் கை உயர்ந்தது.

எதிரிலிருந்த பெண் வெளியே வைத்திருந்த முழங்கையைச் சட்டென்று உள்ளே இழுத்துக்கொண்டாள். பிறகு கையைத் தடவியபடி வெளியே பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "என்னம்மா?" என்றேன். "ஒண்ணுமில்ல ஆச்சி. எதுத்த வண்டி ஏதோ போச்சுன்னு நெனச்சேன்" என்றாள். அங்கே ஒற்றைப் பாதைதான்.

மதினி கையை இறக்கவில்லை. அதை ஜன்னலுக்கு நேராக நீட்டி, சிறு பிள்ளைகள் வண்டிக்குக் காட்டுவது போல ஆட்டினாள். அத்தனை வருஷத்தில் அவள் ஒரு வண்டிக்கும் கையசைத்து நான் பார்த்ததில்லை. மேடு முடிந்து, மரங்கள் மறைக்கிற வரைக்கும் ஆட்டினாள். அப்புறம் என் பக்கம் திரும்பி வயிற்றைத் தட்டிக் காட்டினாள். பசிக்கிறது. பையில் இருந்த இட்லியைப் பிரித்து வைத்தேன். ராஜபாளையம் வருவதற்குள் அவ்வளவையும் தின்று முடித்தாள்.

அதற்குப் பிறகு அவள் கை தூக்கவே இல்லை. உடம்பு தேறிவிட்டது. உச்சிப்பொழுதில் கொல்லைக்குப் போவதில்லை. சாப்பிட்டதும் பாயை விரித்து, வேலை முடிந்து வந்த ஆள் போல அயர்ந்து தூங்குகிறாள். நானும் படுத்துப் பார்க்கிறேன், கண் மூட மாட்டேன் என்கிறது. எழுந்து அவள் பக்கத்தில், சுவரை ஒட்டி, கால்களை ஒடுக்கிக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறேன். வெயில் தாழ்கிற வரைக்கும் யாராவது ஒருத்தர் விழித்திருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.